குழந்தைக்கு ஏன், இரண்டாம் முறை ஏன் இல்லை: மெதடிஸ்ட் சபையும் ஞானஸ்நானமும்

1736ஆம் ஆண்டு மே 5ஆம் தேதி, அமெரிக்காவில் ஆங்கிலேயரின் ஜார்ஜியா குடியேற்றத்தின் சவானா நகரம். நகர அதிகாரிகளில் ஒருவரான பார்க்கரின் குழந்தைக்கு ஞானஸ்நானம் கொடுக்க முப்பத்திரண்டு வயதுக் குரு ஒருவர் வந்திருக்கிறார். தண்ணீரில் முழுக்கித்தான் கொடுப்பேன் என்கிறார். "என் கணவரும் சம்மதிக்கமாட்டார், நானும் சம்மதிக்கமாட்டேன்" என்கிறார் தாய். "பிள்ளை பலவீனமாக இருக்கிறது என்று நீங்கள் உறுதி சொன்னால் போதும், தண்ணீரை ஊற்றியே கொடுக்கலாம். ஜெபப் புத்தகத்தின் விதி அதற்கு இடம் தருகிறது" என்கிறார் குரு. "பிள்ளைக்கு ஒரு பலவீனமும் இல்லை. ஆனால் முழுக்க விடமாட்டேன்." இந்த வாதத்தை என்னால் மறுக்க முடியவில்லை, ஆகவே வீடு திரும்பினேன், பிள்ளைக்கு வேறொருவர் ஞானஸ்நானம் கொடுத்தார் என்று அந்தக் குரு தம் நாட்குறிப்பில் எழுதிவைத்தார். அடுத்த ஆண்டு சவானாவின் நடுவர் குழு அவர்மேல் சுமத்திய பத்துக் குற்றச்சாட்டுகளில் இந்தச் சம்பவமும் ஒன்றாக இடம்பெற்றது.

அந்தக் குரு ஜான் வெஸ்லி. மெதடிஸ்ட் இயக்கத்தைத் தொடங்கியவர். சாகும்வரை ஆங்கிலிக்கன் சபையின், அதாவது இங்கிலாந்துத் திருச்சபையின், குருவாகவே இருந்தவர்.

மெதடிஸ்ட் குடும்பத்தில் பிறந்தவர்கள் இருபது வயதை எட்டும்போது யாராவது ஒரு நண்பர் கட்டாயம் கேட்பார்: "நீ எடுத்தது தெளிப்பு ஞானஸ்நானம்தானே? அதுவும் விவரம் தெரியாத வயதில். அது எப்படிச் செல்லும்? மறுபடி எடுத்தால் என்ன?" கேள்வி நியாயமானது. அதற்குப் பதில் சொல்ல வேண்டுமானால் எத்தனை சொட்டுத் தண்ணீர் என்பதை விட்டுவிட்டு, ஞானஸ்நானத்தில் வேலை செய்கிறவர் யார் என்ற இடத்திலிருந்து தொடங்க வேண்டும்.

தண்ணீரின் அளவைப் பற்றி வெஸ்லியே சீக்கிரம் மனம் மாறினார். 1756 நவம்பர் தேதியிட்டு அவர் வெளியிட்ட ஞானஸ்நானம் குறித்த ஆய்வுரை பெரும்பாலும் தம் தகப்பனார் சாமுவேல் வெஸ்லி 1700இல் எழுதியதைச் சுருக்கித் திருத்தியது. கழுவினாலும் சரி, முழுக்கினாலும் சரி, தெளித்தாலும் சரி, வேதம் முறையைக் கட்டளையிடவில்லை என்று அதில் வாதிடுகிறார். பெந்தெகொஸ்தே நாளில் எருசலேமில் மூவாயிரம் பேர் சேர்க்கப்பட்டார்கள். பிலிப்பியில் சிறைச்சாலைக்காரனும் அவன் வீட்டாரும் நடுராத்திரியில் ஞானஸ்நானம் பெற்றார்கள். இவர்கள் அத்தனை பேரும் முழுகினார்கள் என்று யார் நிரூபிப்பது? ஆகவே இன்று எந்த மெதடிஸ்ட் போதகரும் மூன்று முறைகளில் எதையும் கையாளலாம். குழந்தைகளுக்குப் பெரும்பாலும் தெளிப்பதோ ஊற்றுவதோதான் வழக்கம். வளர்ந்தவர் ஒருவர் முழுக்கு வேண்டும் என்று கேட்டால் அதையும் கொடுப்பார்கள். விட்டுக்கொடுக்க முடியாதவை இரண்டு: தண்ணீர், பிதா குமாரன் பரிசுத்த ஆவியின் நாமம். முறையைப் பற்றி இதற்குமேல் சொல்ல ஒன்றும் இல்லை.

குழந்தைக்கு எதற்கு என்பதுதான் கனமான கேள்வி. விசுவாசமுள்ளவனாகி ஞானஸ்நானம் பெற்றவன் இரட்சிக்கப்படுவான் என்று மாற்கு 16இல் இருக்கிறதே, விசுவாசிக்கத் தெரியாத பிள்ளைக்கு என்ன ஞானஸ்நானம்?

மெதடிஸ்டுகள் காட்டுகிற வசனங்கள் பழக்கமானவை. ஆபிரகாமின் உடன்படிக்கையில் எட்டாம் நாள் குழந்தைக்கும் அடையாளம் போடப்பட்டது. கொலோசெயர் 2ஆம் அதிகாரம் விருத்தசேதனத்தையும் ஞானஸ்நானத்தையும் சேர்த்தே பேசுகிறது. பெந்தெகொஸ்தே பிரசங்கத்தின் முடிவில் பேதுரு, "வாக்குத்தத்தமானது உங்களுக்கும் உங்கள் பிள்ளைகளுக்கும்" என்றார். லீதியாளும் அவள் வீட்டாரும் ஞானஸ்நானம் பெற்றார்கள். பிள்ளைகளை அதட்டி விலக்கிய சீஷர்கள்மேல் இயேசு விசனமடைந்து, "அவர்களைத் தடைபண்ணாதிருங்கள்" என்றார். இவற்றில் எந்த வசனமும் தனியாக நின்று வழக்கை முடித்துவிடாது என்பதை ஒப்புக்கொள்ளத்தான் வேண்டும். வீட்டார் என்ற சொல்லுக்குள் கைக்குழந்தை இருந்ததா என்று எவராலும் காட்ட முடியாது. மெதடிஸ்ட் வாதத்தின் முதுகெலும்பு வேறு இடத்தில் இருக்கிறது. அது கிருபையைப் பற்றிய போதனை.

யோவானின் முதலாம் நிருபத்தில் ஒரு சிறிய வசனம்: "அவர் முந்தி நம்மிடத்தில் அன்புகூர்ந்தபடியால் நாமும் அவரிடத்தில் அன்புகூருகிறோம்." அந்த "முந்தி" என்ற ஒரு சொல்லில் வெஸ்லியின் இறையியலில் பாதி அடங்கிவிடுகிறது என்பேன். மனிதன் தேவனைத் தேடத் தொடங்கும் முன்பே தேவன் அவனைத் தேடி வந்துவிடுகிறார். மனச்சாட்சி உறுத்துவது, ஜெபிக்க வேண்டும் என்று ஒரு ஏக்கம் எழுவது, எல்லாமே அவர் முந்திக்கொண்டதின் விளைவு. இதை முந்திவரும் கிருபை என்கிறோம். அதன்பின் மனிதன் விசுவாசித்துத் திரும்பும்போது நீதிமானாக்கும் கிருபை, வாழ்நாள் முழுவதும் அவனை வனைகிற பரிசுத்தமாக்கும் கிருபை. மூன்றும் ஒரே கிருபைதான். மூன்று கட்டங்களில் நாம் அதைச் சந்திக்கிறோம், அவ்வளவே. இப்படி ஒரு போதனையைக் கையில் வைத்திருக்கும் சபை, ஒன்றும் செய்யத் தெரியாத, ஒன்றும் கேட்கத் தெரியாத கைக்குழந்தையைத் தண்ணீரண்டை கொண்டுவருவது தற்செயல் அல்ல. கிருபை முந்துகிறது என்பதற்கு அதைவிடத் தெளிவான காட்சி கிடையாது.

பிரிட்டிஷ் மெதடிஸ்ட் சபையின் 1999ஆம் ஆண்டு வழிபாட்டுப் புத்தகத்தில் இதைக் கண்முன்னே பார்க்கலாம். தண்ணீரைத் தொடும் முன் போதகர் குழந்தையைப் பெயர்சொல்லி அழைத்து அதனிடமே பேசுகிறார்: உனக்காகத்தான் இயேசு கிறிஸ்து உலகத்துக்கு வந்தார், உனக்காக வாழ்ந்தார், உனக்காகக் கல்வாரியின் இருளைப் பட்டார், உனக்காக மரணத்தை வென்றார், நீ இதில் எதையும் அறியும் முன்பே இதெல்லாம் உனக்காக. பிறகு அந்த யோவான் வசனம் வருகிறது. குழந்தை அப்போது தூங்கிக்கொண்டிருக்கலாம், வீறிட்டு அழுதுகொண்டிருக்கலாம். பேச்சு அதற்குப் புரியாது என்பது எல்லாருக்கும் தெரியும். புரியாதபோதே சொல்லப்படுகிறது என்பதில்தான் அந்த வார்த்தைகளின் பாரம் இருக்கிறது. என்னைக் கேட்டால், குழந்தை ஞானஸ்நானத்துக்காக எழுதப்பட்ட நூறு பக்க வாதத்தைவிட இந்தச் சில வரிகளே மேல்.

இங்கேயே நிறுத்திவிட்டால் வெஸ்லியைப் பாதிதான் சொன்னவர்கள் ஆவோம்.

அவர் காலத்து இங்கிலாந்தில் ஏறக்குறைய எல்லாரும் குழந்தையில் ஞானஸ்நானம் பெற்றவர்கள். குடிகாரரும் பெற்றிருந்தார், ஏழையை ஏய்த்தவரும் பெற்றிருந்தார். மறுபடியும் பிறக்க வேண்டும் என்று வெஸ்லி பிரசங்கித்தால், ஞானஸ்நானத்திலேயே நான் மறுபடியும் பிறந்தாயிற்று என்று பதில் வந்தது. அந்த நெரிந்த நாணற்கோலில் இனியும் சாய்ந்து நிற்காதீர்கள் என்று 1748இல் அச்சான ஒரு பிரசங்கத்தில் கடுமையாகவே சொன்னார். 1760இல் வெளிவந்த "புதுப்பிறப்பு" என்ற பிரசங்கத்தில் இதை முறையாகப் பிரித்துக் காட்டினார்: ஞானஸ்நானம் வெளியடையாளம், புதுப்பிறப்பு உள்ளே நடப்பது. இரண்டும் ஒன்றல்ல, எப்போதும் சேர்ந்தே நடக்க வேண்டும் என்பதும் இல்லை. வளர்ந்தவர்களுக்கு ஞானஸ்நானம் கொடுத்தாலும் இது தானாக நடந்துவிடாது என்பதை அவர் கண்ணாலேயே பார்த்திருந்தார். 1739 ஜனவரி 25 அன்று இஸ்லிங்டனில் ஐந்து பெரியவர்களுக்கு ஞானஸ்நானம் கொடுத்துவிட்டு, சமீபத்தில் ஞானஸ்நானம் பெற்றதாகத் தாம் அறிந்த பெரியவர்களில் ஒருவர் மட்டுமே அந்த நேரத்தில் முழுப் பொருளில் மறுபடியும் பிறந்தார் என்று நாட்குறிப்பில் எழுதினார்.

அப்படியானால் குழந்தை ஞானஸ்நானத்தை அவர் வெறும் சடங்காக எண்ணினாரா? இல்லவே இல்லை. 1756 ஆய்வுரையில் ஞானஸ்நானத்தின் பலன்களாக அவர் எண்ணிச் சொல்பவை பெரியவை: ஜென்மபாவத்தின் குற்றம் கழுவப்படுகிறது, தேவனோடு உடன்படிக்கைக்குள் வருகிறோம், சபையில் சேர்க்கப்படுகிறோம், தேவனுடைய பிள்ளைகளாகிறோம், ராஜ்யத்துக்குச் சுதந்தரவாளிகளாகிறோம். தம் சொந்த வாழ்க்கையையும் அப்படியே வாசித்தார். 1738 மே 24 அன்று ஆல்டர்ஸ்கேட் தெருக் கூட்டத்தில் தம் இருதயம் விநோதமாக அனல்கொண்டதை விவரிக்கிற அதே நாட்குறிப்புப் பதிவில், ஞானஸ்நானத்தில் தமக்குக் கிடைத்த பரிசுத்த ஆவியின் கழுவுதலைப் பத்து வயதுவரை தாம் பாவத்தால் இழந்துவிடவில்லை என்று எழுதுகிறார். குழந்தையில் மெய்யாகவே ஒன்று கிடைத்தது. பிறகு அது பாவத்தில் தொலைந்தது. தொலைந்ததால் மறுபடியும் பிறக்க வேண்டியதாயிற்று. அந்தப் புதுப்பிறப்புக்காக அவர் இன்னொரு ஞானஸ்நானத்தைத் தேடிப் போகவில்லை என்பதைக் கவனிக்க வேண்டும்.

இந்த இரண்டையும் ஒரே கையில் பிடித்திருப்பது எளிதாக இருக்கவில்லை. 1784இல் அமெரிக்க மெதடிஸ்டுகளுக்காக ஆங்கிலிக்கன் ஜெபப் புத்தகத்தை அவர் சுருக்கியபோது பேனா எங்கே ஓடியது என்று பார்த்தால் அந்தப் போராட்டம் தெரியும். ஆங்கிலிக்கன் முறையில் தண்ணீர் ஊற்றி முடித்ததும், இந்தக் குழந்தை மறுபடியும் பிறந்து சபையில் ஒட்டவைக்கப்பட்டிருக்கிறது, ஆகையால் நன்றி செலுத்துவோம் என்று குரு சொல்வார். வெஸ்லி அதில் "மறுபடியும் பிறந்து" என்பதை எடுத்துவிட்டு, சபையில் ஒட்டவைக்கப்பட்டிருக்கிறது என்பதை மட்டும் விட்டுவைத்தார். முப்பத்தொன்பது விசுவாசப் பிரமாணங்களை இருபத்து நான்காக்கினார். ஞானஸ்நானத்தைப் பற்றியதில், அது ஒரு கருவியைப் போல வேலைசெய்து பெறுகிறவர்களைச் சபையில் ஒட்டவைக்கிறது என்ற பகுதி போயிற்று. புதுப்பிறப்பின் அடையாளம் என்பது நின்றது. சிறு பிள்ளைகளின் ஞானஸ்நானம் சபையில் நிலைத்திருக்க வேண்டும் என்ற வரியும் நின்றது. அமெரிக்கர்கள் பின்னர் ஒரு பிரமாணத்தைக் கூட்டி இருபத்தைந்தாக்கினார்கள். இன்றும் அங்குள்ள மெதடிஸ்ட் சபைகளின் அடிப்படைப் போதனையில் அந்த வரிகள் அப்படியே இருக்கின்றன.

அந்த 1784ஆம் ஆண்டைப் பற்றி இன்னொன்றும் சொல்லாமல் போக முடியாது. அமெரிக்கப் புரட்சிக்குப் பிறகு ஆங்கிலிக்கன் குருமார் பலர் நாடு திரும்பிவிட்டார்கள். மெதடிஸ்ட் பிரசங்கிகள் குருப்பட்டம் பெறாதவர்கள், ஞானஸ்நானம், இராப்போஜனம் என்ற சாக்கிரமெந்துகளை, அதாவது திருச்சடங்குகளை, கொடுக்கக் கூடாது. பொறுக்க முடியாமல் 1779இல் வர்ஜீனியாவின் ஃபுளுவானாவில் கூடிய தென்பகுதிப் பிரசங்கிகள் தங்களுக்குள் பட்டம் கொடுத்துக்கொண்டார்கள். அடுத்த ஆண்டே சமரசமாகி அதை நிறுத்திவைத்தார்கள். கடைசியில் 1784 செப்டம்பரில் வெஸ்லி பிரிஸ்டலில் தாமே ரிச்சர்ட் வாட்கோட், தாமஸ் வேசி இருவருக்கும் பட்டம் கொடுத்து, தாமஸ் கோக்கைக் கண்காணியாகப் பிரித்தெடுத்து அனுப்பினார். நூற்றுக்கணக்கான மைல் தூரத்துக்கு ஞானஸ்நானம் கொடுக்கவோ இராப்போஜனம் பரிமாறவோ ஒருவரும் இல்லை என்பதுதான் அதற்கு அவர் கடிதத்தில் சொன்ன காரணம். ஞானஸ்நானம் கிடைக்காத பிள்ளைகளும் திருவிருந்து கிடைக்காத பெரியவர்களும் இருந்ததால் ஒரு சபை தனிச் சபையாயிற்று. மெதடிஸ்டுகளுக்கு சாக்கிரமெந்து முக்கியமல்ல என்று பேசுகிறவர்கள் இந்த வரலாற்றை ஒருமுறை படிக்க வேண்டும்.

ஞானஸ்நானம் பெறாமல் இறந்துபோன குழந்தைகளின் கதி என்ன என்பது பெற்றோரை வாட்டுகிற கேள்வி. மெதடிஸ்ட் பதில் தெளிவானது. ஆதாமின் பாவக் குற்றத்துக்காக எந்தக் குழந்தையும் நரகத்துக்கு அனுப்பப்பட்டதும் இல்லை, அனுப்பப்படப்போவதும் இல்லை, அவர்கள் உலகத்துக்கு வரும்போதே கிறிஸ்துவின் நீதியால் அந்தக் குற்றம் ரத்தாகிறது என்று 1776 நவம்பரில் ஒரு கடிதத்தில் வெஸ்லி எழுதினார். இருபது ஆண்டுகளுக்கு முந்தைய ஆய்வுரையைவிட இது வெகுதூரம் போகிறது. ஞானஸ்நானம் தேவன் ஏற்படுத்திய சாதாரண வழி. அவர் கையைக் கட்டிப்போடும் வழி அல்ல. பயத்தால் அவசரமாகத் தண்ணீர் தெளிக்க வேண்டிய தேவை மெதடிஸ்ட் பெற்றோருக்கு இல்லை.

அவசரம் இல்லாததால்தான் ஞானஸ்நானம் சபை கூடும் ஆராதனையில் நடக்கிறது. குடும்பத்தோடு தனியாக வைத்துக்கொள்வதை ஊக்குவிப்பதில்லை, ஏனென்றால் சபையாருக்கும் அதில் பங்கு உண்டு. பெற்றோரிடம் கேள்விகள் கேட்கப்படும்: தீமையை வெறுத்துவிடுகிறீர்களா, கிறிஸ்துவை இரட்சகராக அறிக்கையிடுகிறீர்களா, இந்தப் பிள்ளையை விசுவாசத்தில் வளர்ப்பீர்களா. அமெரிக்காவின் பெரிய மெதடிஸ்ட் சபையான யுனைடெட் மெதடிஸ்ட் சபையின் வழிபாட்டில், அநீதியும் ஒடுக்குமுறையும் எந்த உருவத்தில் வந்தாலும் எதிர்த்து நிற்கத் தேவன் தரும் விடுதலையையும் வல்லமையையும் ஏற்கிறாயா என்ற கேள்வியும் உண்டு. பிறகு போதகர் தண்ணீரின்மேல் நன்றி ஜெபம் சொல்கிறார். ஆதியில் ஜலத்தின்மேல் அசைவாடிய ஆவியானவர், நோவாவின் வெள்ளம், பிளந்த செங்கடல், யோர்தான் எல்லாம் அதில் வரும். தண்ணீர் தலையில் விழுகிறது. தலைமேல் கைவைத்துப் பரிசுத்த ஆவிக்காக ஜெபிக்கிறார்கள். சபையாரும் எழுந்து, இந்தப் பிள்ளையை அன்பிலும் மன்னிப்பிலும் வளர்ப்போம் என்று ஒரே குரலில் வாக்குக் கொடுக்கிறார்கள். சபையாரின் இந்த வாக்கைப் பல சபைகள் லேசாக எடுத்துக்கொள்கின்றன என்பது என் மனக்குறை. பன்னிரண்டு வயதில் அந்தப் பிள்ளை ஞாயிறு பள்ளியை விட்டு நின்றால், அன்று எழுந்து நின்று வாக்குக் கொடுத்தவர்களில் எத்தனை பேர் போய் விசாரிக்கிறோம்?

பிள்ளைக்காக மற்றவர்கள் சொன்ன "ஆம்" என்பதைப் பிள்ளை தானே சொல்லும் நாள் திடப்படுத்தல். வெஸ்லி தம் 1784 புத்தகத்தில் திடப்படுத்தல் முறையைச் சேர்க்கவே இல்லை. அது இருபதாம் நூற்றாண்டில்தான் அமெரிக்க மெதடிஸ்ட் வழிபாட்டுக்குள் வந்தது. இன்று யுனைடெட் மெதடிஸ்ட் சபையில் ஞானஸ்நானம் பெற்ற குழந்தை சபையின் அங்கத்தினர்தான். சொந்த வாயால் அறிக்கையிட்டபின் விசுவாச அறிக்கை செய்த அங்கத்தினர் ஆகிறார். திடப்படுத்தல் ஞானஸ்நானத்தின் மீதிப் பகுதி அல்ல, ஞானஸ்நானம் அரைகுறையாக நிற்பதும் இல்லை. கொடுக்கப்பட்டதை வாங்கிக்கொள்கிறோம், அவ்வளவுதான்.

வெஸ்லியின் வழிவந்த எல்லாரும் ஒரே இடத்தில் நிற்கவில்லை. ஃப்ரீ மெதடிஸ்ட் சபையும் நசரேயன் சபையும் பெற்றோர் விரும்பினால் குழந்தை ஞானஸ்நானம், விரும்பாவிட்டால் தண்ணீரில்லாமல் பிள்ளையைத் தேவனுக்கு ஒப்புக்கொடுக்கும் பிள்ளைப் பிரதிஷ்டை என்று இரண்டுக்கும் இடம் கொடுக்கின்றன. மெதடிஸ்ட் ஊழியராக இருந்து விலகிய வில்லியம் பூத் நிறுவிய இரட்சணிய சேனை 1883இல் சாக்கிரமெந்துகளையே நிறுத்திவிட்டது. அமெரிக்காவில் 19ஆம் நூற்றாண்டின் எழுப்புதல் கூட்டங்களில் மனந்திரும்புதலே எல்லாமாகி, குழந்தை ஞானஸ்நானம் பலருக்கு ஒரு இனிய குடும்ப விழாவாகச் சுருங்கிவிட்டது. அதைத் திரும்ப அதன் இடத்தில் வைக்க 1996இல் யுனைடெட் மெதடிஸ்ட் சபையின் பொது மாநாடு தண்ணீரையும் ஆவியையும் தலைப்பில் தாங்கிய ஒரு விரிவான போதனை அறிக்கையை ஏற்றுக்கொண்டது. ஞானஸ்நானம் முதலாவது தேவனுடைய கொடை, பிறகுதான் மனிதனுடைய வாக்கு என்பதே அதன் சாரம்.

இதிலிருந்து நண்பரின் கேள்விக்கு வருகிறேன். மறுபடி ஞானஸ்நானம் ஏன் கூடாது?

அந்த 1996 அறிக்கை மறுஞானஸ்நானத்தை ஏற்பதில்லை. பிரிட்டிஷ் மெதடிஸ்ட் சபையின் சட்டமும், ஏற்கெனவே ஞானஸ்நானம் பெற்றவர் என்று தெரிந்த ஒருவருக்கு மறுபடி கொடுப்பது சபையின் கொள்கைக்கும் வழக்கத்துக்கும் விரோதம் என்கிறது. ஆங்கிலிக்கன், லுத்தரன், கத்தோலிக்க சபைகளிலிருந்து வருகிறவர்களுக்கும் அப்படியே. திரித்துவ நாமத்தில் தண்ணீரால் பெற்றிருந்தால் அது போதும். எபேசியர் நிருபம் "ஒரே ஞானஸ்நானம்" என்கிறது. கொடுத்த போதகர் பின்னால் கெட்டுப்போனாலும் அது கெட்டுப்போவதில்லை. நான் விலகித் திரிந்தாலும் தேவன் தம் வாக்கை வாபஸ் வாங்குவதில்லை. இரண்டாம் முறை தண்ணீரில் இறங்கினால், முதல் முறை தேவன் சொன்னது நிலைக்கவில்லை என்று சொன்னதாகிவிடும். ஊதாரி மகன் வீடு திரும்பியபோது தகப்பன் அவனை மறுபடியும் தத்தெடுக்கவில்லை. அவன் எப்போதும் மகனாகவே இருந்தான். வஸ்திரமும் மோதிரமும் விருந்தும்தான் புதிதாகக் கிடைத்தன.

ஆனால் மறுஞானஸ்நானம் கேட்கிறவரின் மனதை உதறித்தள்ளுவது பெரும் தவறு. அவருக்குள் மெய்யாகவே ஏதோ நடந்திருக்கிறது. தான் அறியாத வயதில் நடந்ததை இப்போது அறிந்து, வாயால் சொல்லி, உடம்பால் உணர வேண்டும் என்று ஏங்குகிறார். "சபைச் சட்டத்தில் இடமில்லை" என்ற ஒரே வரியோடு அனுப்பிவிட்டால், அவர் அடுத்த ஞாயிறு வேறு சபையின் தொட்டியில் நிற்பார். அதற்கு அவரை மட்டும் குறைசொல்ல முடியாது.

அந்த ஏக்கத்துக்கு மெதடிஸ்டுகளிடம் வழி இருக்கிறது. 1755 ஆகஸ்டில் லண்டனின் ஸ்பிட்டல்ஃபீல்ட்ஸில் ஏறக்குறைய ஆயிரத்து எண்ணூறு பேரோடு வெஸ்லி நடத்திய உடன்படிக்கை ஆராதனை, இன்றும் பல மெதடிஸ்ட் சபைகளில் ஆண்டின் தொடக்கத்தில் நடக்கிறது. நான் இனி என்னுடையவன் அல்ல, உம்முடையவன் என்று சபை முழுவதும் சேர்ந்து ஒப்புக்கொடுக்கும் ஆராதனை அது. யுனைடெட் மெதடிஸ்ட் சபையில் ஞானஸ்நான உடன்படிக்கையைப் புதுப்பிக்க ஒரு தனி முறையே உண்டு. தனி ஒருவருக்காகவும் நடத்தலாம், சபை முழுவதுக்கும் நடத்தலாம். ஞானஸ்நானத்தில் கேட்ட அதே கேள்விகள், அதே நன்றி ஜெபம். தண்ணீரும் உண்டு, ஆனால் மறுபடி ஞானஸ்நானம் கொடுப்பதாக யாரும் எண்ணிவிடாதபடி அதைப் பயன்படுத்த வேண்டும் என்பது விதி. போதகர் தொட்டியில் கைவிட்டுத் தண்ணீரை அள்ளிச் சபையார் கண்காண மறுபடி விழவிடலாம். அல்லது ஒவ்வொருவரும் முன்னே வந்து விரலை நனைத்து நெற்றியில் வைத்துக்கொள்ளலாம். அப்போது போதகர் சொல்லும் வார்த்தை ஒன்றே: உங்கள் ஞானஸ்நானத்தை நினைத்து நன்றியாயிருங்கள். குழந்தையில் பெற்றவருக்கு அந்த நாள் நினைவில் இருக்காது. அது நடந்தது என்பதைத்தான் நினைக்கச் சொல்கிறார்கள்.